காலை பத்து முதல் பன்னிரண்டு வரை சாவு ஒத்திகை

தனசேகர் இதுவரை எத்தனை தடவை செத்திருக்கிறான் என்று கேட்டால் அவனுக்கே சொல்லத் தெரியாது. ஆரம்பத்தில் எண்ணிக்கொண்டிருந்தான். முந்நூறைத் தாண்டியதும் அலுத்துப்போய் விட்டுவிட்டான். குண்டு பட்டு, கத்திக்குத்து வாங்கி, ரயில் கூரையிலிருந்து விழுந்து, குதிரைக் குளம்பில் மிதிபட்டு, ஒரு தடவை ஒட்டகம் கடித்துக்கூடச் செத்திருக்கிறான். செத்து முடித்ததும் பிளாஸ்கிலிருந்து ஒரு வாய் வெந்நீர் குடித்துவிட்டு, அடுத்த ஆளாகச் சாகத் தயாராகிவிடுவான்.

தொழில் டப்பிங். கதாநாயகனுக்கும் வில்லனுக்கும் குரல் கொடுக்கிறவர்கள் வேறு சாதி. அவர்கள் ஏசி காரில் வந்து, பேசிவிட்டு, போய்விடுவார்கள். கூட்டத்தில் நின்று 'புடிங்கடா அவன' என்று கத்துவதும், பிறகு வரிசையாக விழுந்து சாவதும் தனசேகரின் பங்கு. படத்தில் எங்கேயும் அவன் பெயர் வராது. செத்தவனுக்கு எதற்குப் பெயர் என்று டெனிஸ் சிரித்துக்கொண்டே சொல்வான்.

டெனிஸ்தான் அவனை இந்த வேலைக்கு இழுத்துவந்தவன். பதினெட்டு வருஷத்துக்கு முன்னால் ஏதோ படத்துக்கு அலைச் சத்தம் பதிவு செய்ய, கேளம்பாக்கத்துக்குக் கிழக்கே கோவளத்தை ஒட்டிய குப்பத்துக்கு மைக்கோடு வந்தான். அங்கே கரையில் தனசேகர் மீன் ஏலம் கூவிக்கொண்டிருந்தான். அலைச் சத்தம் எதுவும் அவன் குரல் கலக்காமல் வரவில்லை. வெறுத்துப்போன டெனிஸ் ஹெட்போனைக் கழற்றிவிட்டு, இவ்வளவு சத்தம் போடுகிறவன் ஒரு தடவை செத்துக் காட்டேன் என்றான். தனசேகர் மணலில் விழுந்து செத்துக் காட்டினான். ஏலத்துக்கு நின்ற பெண்கள் கூடையைப் போட்டுவிட்டு ஓடிவந்தார்கள்.

அந்தக் குரல் அவனுடையது இல்லை, அவன் அப்பா கங்காதரனுடையது. நடுக்கடலில் நாலு படகு தள்ளி நிற்கிறவனையும் ஒரே கூப்பாட்டில் திரும்பிப் பார்க்க வைக்கும் குரல் அது. மகனுக்கு அப்படியே அச்சாக வந்து வாய்த்திருந்தது. கல்யாணமான புதிதில் அவன் மனைவி சரிதா, புருஷன்தான் என்று நினைத்துப் போனில் மாமனாரிடம் கொஞ்சிப் பேசிவிட்டு, மூன்று நாள் அவர் முகத்தைப் பார்க்காமல் திரிந்திருக்கிறாள்.

டெனிஸ் சேலையூரில் ஒரு மாடி வீட்டை எடுத்து, நடு அறையில் பஞ்சும் கம்பளியும் ஒட்டி ஒலிப்பதிவுக்கூடம் ஆக்கினான். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் டி.வி.யில் போடும் வெளிநாட்டுப் படங்களுக்கெல்லாம் அங்கேதான் தமிழ் வாய் வைத்தார்கள். கொஞ்ச வருஷமாகக் கொரியக் குதிரைப் படங்கள் வரத் தொடங்கின. கொரியாக்காரன் குதிரையில் ஏறித் துப்பாக்கி சுடுவான் என்று தனசேகருக்கு அதுவரை தெரியாது. பார்த்தால் பார்த்துக்கொண்டே இருக்கலாம் போலிருந்தது. ரத்தச் சிவப்பில் மண், மஞ்சளாக வானம், நடுவில் கறுப்புக் கோட்டுப் போட்ட ஒற்றை ஆள். பனி மூடிய வெளியில் புகை கக்கிக்கொண்டு போகும் ரயில், அதன் பக்கத்தில் நாற்பது குதிரை. பேச்சு குறைவு, சாவு அதிகம். தனசேகருக்கு வேலைக்குப் பஞ்சமே இல்லை.

மாடம்பாக்கத்தில் இரண்டாவது மாடியில் ஃப்ளாட் எடுத்துக் குடிவந்த இரண்டாம் வாரம் அந்தக் கூத்து நடந்தது. சரிதா மழலையர் பள்ளிக்குப் போயிருந்தாள். அவன் கண்ணாடி முன்னால் போனில் காட்சியை ஓடவிட்டு, முதுகில் கோடாலி வாங்கிச் செத்துக்கொண்டிருந்தான். மூன்றாவது தடவை சாகும்போது கதவு படாரென்று திறந்தது. பக்கத்து வீட்டுக் கஸ்தூரிரங்கன், கையில் தாழ்ப்பாளை நெம்பின இரும்புக் கம்பி, பின்னால் வாட்ச்மேன், அவருக்குப் பின்னால் கஸ்தூரிரங்கனின் மனைவி சாவித்ரி தண்ணீர்ச் சொம்போடு. பள்ளிக்கூட அலுவலகத்தில் முப்பத்தாறு வருஷம் குமாஸ்தாவாக இருந்து ஓய்வு பெற்ற மனிதர். எழுபது வயதில் ஒரு கதவை உடைத்திருக்கிறார். மூச்சு வாங்கிக்கொண்டு, தரையில் கிடந்தவனைப் பார்த்தபடி நின்றார்.

தனசேகருக்கு வெட்கம் பிடுங்கித் தின்றது. சாயங்காலம் மைசூர்பாகு வாங்கிக்கொண்டு மன்னிப்புக் கேட்கப் போனான். சாவித்ரி காபி கொடுத்தாள். கஸ்தூரிரங்கனுக்கு ஆச்சரியம் தாங்கவில்லை. எப்படிச் சாவீர்கள், எதைப் பார்த்துச் சாவீர்கள் என்று துருவித் துருவிக் கேட்டார். இத்தனை ஆர்வமாக யாரும் அவனிடம் தொழிலைப் பற்றிக் கேட்டதில்லை. அவனும் தொழில் ரகசியம் எல்லாவற்றையும் கொட்டினான். அதில் ஒன்றுதான் உதட்டு விஷயம்.

"நம்ம ஆளுங்க அடிபட்டா மொதல்ல வர்றது அம்மாதான் சார். ஆனா அதுக்கு உதடு ஒட்டணும். வெள்ளக்காரனானாலும் கொரியாக்காரனானாலும் வாயப் பொளந்த மேனிக்கே சாவான். ஒட்டவே மாட்டான். அதனால ஐயோ, ஆ, அவ்ளோதான். இத்தினி வருஷத்துல நான் ஒரு தபா கூட அம்மான்னு கத்துனதில்ல. தொண்டை வரைக்கும் வரும், முழுங்கிடுவேன்."

கஸ்தூரிரங்கன் தானே ஒரு தடவை வாயைத் திறந்து மூடிப் பார்த்துவிட்டுத் தலையை ஆட்டினார். அடுத்த வாரமே குடியிருப்பில் எல்லோருக்கும் அது தெரிந்துவிட்டது. அவரே சொல்லிச் சொல்லி மாய்ந்து போனார். எங்கள் பக்கத்து வீட்டில் ஒரு கலைஞன் இருக்கிறான் என்பதில் அவருக்கு அவ்வளவு பெருமை.

காபி குடித்துவிட்டு எழுந்திருக்கும்போது தனசேகர் இன்னொன்றும் சொன்னான். அதை அவன் பிற்பாடு எத்தனையோ முறை நினைத்துப் பார்க்க வேண்டியிருந்தது.

"இனிமே இப்டி சத்தம் கேட்டா ஓடியாராதீங்க சார். நான்தான் செத்துகினு இருப்பேன்."

எல்லோரும் சிரித்தார்கள். அன்றிலிருந்து ஒத்திகை இருக்கிற நாளில் காலையிலேயே குடியிருப்பின் வாட்ஸ்ஆப் குழுவில் ஒரு வரி போட்டுவிடுவான்: 'இன்று காலை 10 முதல் 12 வரை சாவு ஒத்திகை. சத்தத்திற்கு மன்னிக்கவும்.' முதலில் இரண்டொருவர் முணுமுணுத்தார்கள். பிறகு பழகிவிட்டது. குழந்தையைத் தூங்க வைக்கிறவர்கள் நேரத்தை மாற்றிக்கொண்டார்கள். கஸ்தூரிரங்கன் தவறாமல் கட்டைவிரலை உயர்த்துவார். சாவித்ரி கைகூப்புவாள்.

அம்மா பூவம்மாள் இறந்த பிறகு கங்காதரனைக் குப்பத்தில் தனியாக விட முடியவில்லை. முழங்கால் இரண்டும் போய்விட்டிருந்தது. மாடம்பாக்கத்துக்கு அழைத்துவந்தான். கிழவர் முதல் மாதம் முழுக்க ஜன்னலோரமாகவே உட்கார்ந்திருந்தார். இந்த ஊரில் காற்று எந்தப் பக்கத்திலிருந்து வருகிறது என்றே தெரியவில்லை என்று ஒரே பேஜார். அவரை மீட்டது குதிரைப் படங்கள்தான். மகன் ஒத்திகைக்கு லேப்டாப்பைத் திறந்தால் பக்கத்தில் வந்து உட்கார்ந்துகொள்வார். பாஷை புரியாது, கதை புரியாது, அதைப் பற்றி அவருக்குக் கவலையும் இல்லை. அந்த மண்ணைத்தான் பார்ப்பார். புழுதி சாய்கிறதை வைத்துக் காற்று வடக்கிலிருந்து வரும் வாடையா, கிழக்கிலிருந்து வரும் கொண்டலா என்று சொல்வார். தூரத்தில் சின்னப் புள்ளியாக வருகிற குதிரைக்காரனை மகனுக்கு முன்னால் அவர் கண்டுபிடித்துவிடுவார்.

"இவ்ளோ வெட்டவெளியில ஒருத்தன் நின்னுகினு கத்துறான், யாருக்கும் கேக்கல பாரு," என்பார். "கடல்லன்னா கேட்டுருக்கும்."

மகன் சாகும்போது மட்டும் எழுந்து உள்ளே போய்விடுவார். விளையாட்டுக்குக்கூட அவரால் அதைக் கேட்க முடியாது. அதைத் தனசேகர் அப்போது பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

அந்த வியாழக்கிழமை காலை எட்டு மணிக்குச் சரிதா பள்ளிக்குக் கிளம்பிப் போனாள். எட்டரைக்குத் தனசேகர் குழுவில் வழக்கமான வரியைப் போட்டான். 'செம்புழுதி' என்று தமிழில் பெயர் வைத்திருந்த புதுப் படத்தில் கொள்ளைக்கூட்டத்து ஆட்கள் ஐந்து பேராக அன்று அவன் சாக வேண்டும். ஒன்பது மணிக்கு டெனிஸிடமிருந்து போன் வந்தது. வில்லனுக்குப் பேச வேண்டியவருக்குத் தொண்டை கட்டி, வாயைத் திறந்தால் காற்றுதான் வருகிறதாம். படத்தை அடுத்த வாரம் கொடுத்தாக வேண்டும்.

"நீ பண்ணு. பத்து மணிக்கு மைக்கு முன்னாடி நிக்கணும்," என்றான் டெனிஸ்.

பதினெட்டு வருஷம் காத்துக் கிடந்த விஷயம். ஊதா நிறக் கோட்டுப் போட்ட ஒற்றைக்கண் வில்லன். படம் முழுக்க வருகிறவன். அவனுக்குப் பேச்சு உண்டு, சிரிப்பு உண்டு, ஒரு பெண்ணிடம் கெஞ்சுகிற காட்சிகூட உண்டு. தனசேகருக்குத் தலைகால் புரியவில்லை. சட்டையை மாட்டிக்கொண்டே அப்பாவிடம் சொன்னான். கங்காதரனுக்கு ஒரே சந்தேகம்தான்.

"அப்ப கடைசி வரைக்கும் உசுரோட கீற?"

"கடைசி சீன்லதான் நைனா சாவு."

"அது போதும். போய்ட்டு வா," என்றார். அவர் முகத்தில் இருந்த திருப்தியைத் தனசேகர் படியிறங்கும்போது நினைத்துச் சிரித்துக்கொண்டான். குழுவில் போட்ட வரியை அவன் நினைக்கவே இல்லை. வண்டியைக் கிளப்பும்போது ஒன்பதரை.

பத்து மணி சுமாருக்குக் கங்காதரன் குளிக்கப் போனார். ஈரத் தரையில் கால் வழுக்கியது. இடுப்பு உடைந்து, கதவுக்கும் வாளிக்கும் நடுவில் விழுந்தார். கை எட்டுகிற தூரத்தில் எதுவும் இல்லை. போன் கூடத்தில் சார்ஜில் கிடந்தது. குளியலறையின் வென்டிலேட்டர், வீடுகளுக்கு நடுவே காற்றுக்காக விட்டிருந்த கூண்டுப் பக்கம் திறந்திருந்தது. அதே கூண்டுக்கு எதிரில் கஸ்தூரிரங்கன் வீட்டுச் சமையலறை ஜன்னல். கங்காதரன் தன்னிடம் மிச்சமிருந்த ஒரே சொத்தை நம்பினார். வாயைத் திறந்து கூப்பிட்டார்.

எல்லோருக்கும் கேட்டது. கீழ்வீட்டுக்காரருக்குக் கேட்டது, மாடியில் துணி காயப்போட்டவளுக்குக் கேட்டது, வாட்ச்மேனுக்குக்கூடக் கேட்டது. இன்றைக்குத் தனசேகர் ரொம்ப உருக்கமாகச் சாகிறான் என்று பேசிக்கொண்டார்கள். சமையலறையில் கத்தரிக்காய் நறுக்கிக்கொண்டிருந்த சாவித்ரிக்கு மட்டும் என்னவோ போலிருந்தது. கத்தியைக் கீழே வைத்துவிட்டு வந்து கணவனிடம் சொன்னாள். கஸ்தூரிரங்கன் போனை எடுத்து அந்த வரியை அவளுக்குக் காட்டினார். பத்து முதல் பன்னிரண்டு வரை. சாவித்ரி திரும்பிப் போய்க் கத்தரிக்காயை எடுத்துக்கொண்டாள். பன்னிரண்டு மணிக்குச் சொல்லிவைத்ததுபோல் சத்தம் நின்றது. நின்றதற்குக் காரணம் கங்காதரனுக்குத் தொண்டை போய்விட்டது.

சரிதா வந்து கதவைத் திறக்கும்போது ஒன்றே முக்கால். தனசேகரின் போன் ஒலிப்பதிவுக்கூடத்தின் வெளிமேஜையில் மற்றவர்கள் போனோடு அணைந்து கிடந்தது. அங்கே அதுதான் விதி. உள்ளே அவன் ஊதாக் கோட்டுக்காரனாகச் சிரித்துக்கொண்டிருந்தான். மூன்று மணிக்கு வெளியே வந்து போனைத் திறந்தவனுக்குச் சரிதாவின் இருபத்தாறு அழைப்புகள் காத்திருந்தன.

மருத்துவமனையில் இடுப்புக்கு ஆபரேஷன் ஆயிற்று. படுத்த படுக்கையில் நெஞ்சில் சளி கட்டிக்கொண்டது. நாலு படகு தள்ளிக் கேட்ட குரல் இப்போது தலையணைக்கு மேல் எழும்பவில்லை. காதைக் கொண்டுபோய் வாயில் வைத்தால்தான் கேட்கும். ஐந்தாம் நாள் தனசேகர் அப்படித்தான் காதை வைத்தான்.

"நல்லாதான் கத்துனேன்," என்றார் கங்காதரன். "உன் டைரக்டரு இருந்தா டேக்கு ஓக்கேன்னு சொல்லியிருப்பான்."

சிரிக்கப் பார்த்தார், இருமல்தான் வந்தது. தனசேகர் அவர் நெஞ்சைத் தடவிக்கொடுத்தான்.

"நீதான் கத்துறேன்னு நெனச்சிருப்பானுங்க. ஆனா நீ வூட்ல இல்லன்னு கூடவா தெரியாது அவனுங்களுக்கு?"

சொல்லியிருக்கலாம். நான்தான் நைனா எழுதிப்போட்டேன், அழிக்க மறந்துட்டேன் என்று ஒரு மூச்சில் சொல்லிவிடலாம். வாய் வரவில்லை. ஃப்ளாட்டில் இருப்பவர்கள் அப்படித்தான் நைனா என்று சொன்னான். கங்காதரனும் ஒத்துக்கொண்டு கண்ணை மூடிக்கொண்டார். குற்றத்தைத் தூக்கி ஊரார் தலையில் வைத்தவன் வெளியே வந்து, நடைபாதையில் நின்று போனைத் திறந்து பார்த்தான். அந்த வரி அங்கேயே இருந்தது. கீழே ஒரு கட்டைவிரல், ஒரு கைகூப்பு. அழிக்கப் பார்த்தான். இத்தனை நாள் கழித்து எல்லோரிடமிருந்தும் அழிக்க அது விடவில்லை.

பத்தொன்பதாம் நாள் கங்காதரன் போய்ச் சேர்ந்தார்.

குப்பத்துக்குக் கொண்டுபோனார்கள். பெண்கள் மாரடித்து அழுதார்கள். தனசேகர் தலைமாட்டில் நின்றான், கண் வறண்டு கிடந்தது. வாயைத் திறந்து அழ நினைக்கும்போதெல்லாம் தொண்டையில் வந்து நின்றது எல்லாம் ஏற்கெனவே மைக்குக்குக் கொடுத்த சத்தம். இது கோடாலிக்கு, இது குண்டுக்கு, இது ரயிலுக்கு என்று அவனுக்கு அடையாளம் தெரிந்தது. அப்பாவுக்கென்று ஒன்றுகூட மிச்சமில்லை. வாயை மூடிக்கொண்டான். ஊருக்கெல்லாம் செத்து அழுகிறவன் பெற்ற தகப்பனுக்கு ஒரு சொட்டு விடவில்லையே என்று ஒரு சித்தப்பா அவன் காதுபடவே சொன்னார். 

சரிதா அந்த வரியைப் பற்றி வாயே திறக்கவில்லை. குழுவில் அவளும் இருக்கிறாள், அவள் போனிலும் அது இருக்கிறது. திட்டியிருந்தால் தாங்கியிருப்பான். அவளோ அவனுக்குச் சோறு போட்டாள், வேஷ்டியை மடித்து வைத்தாள், குளியலறையில் தரை முழுக்க ரப்பர் விரிப்பு வாங்கிப் போட்டாள். அதில் கால் வைக்கும்போதெல்லாம் தனசேகருக்கு உயிர் போய் உயிர் வந்தது.

பதினாறாம் நாள் காரியம் முடிந்து திரும்பிய மறுநாள் சாயங்காலம் மொட்டைமாடியில் துணி எடுக்கப் போனான். கஸ்தூரிரங்கன் தண்ணீர்த்தொட்டி ஓரமாக நின்றுகொண்டிருந்தார். காத்திருந்திருக்கிறார் என்பது பார்த்ததுமே தெரிந்தது. ஒரு மாதத்தில் ஆள் பாதியாகிவிட்டார். சட்டைப் பொத்தான் ஒன்று மாறிப் போட்டிருந்தது. மருத்துவமனைக்கு வந்து அவன் கையைப் பிடித்துக்கொண்டு, மெசேஜைப் பார்த்துத்தானப்பா இருந்துவிட்டோம் என்று அழுதவர், அதற்குப் பிறகு இன்றுதான் எதிரில் வருகிறார்.

கொஞ்ச நேரம் எதையோ பேசினார். தாம்பரம் பக்கம் மழை என்றார், சாவித்ரி கூண்டுப் பக்கத்து ஜன்னலைத் திறப்பதே இல்லை என்றார். பிறகு விஷயத்துக்கு வந்தார்.

"தனசேகர், ஒண்ணு கேக்கணும். நீ மறைக்காம சொல்லணும்."

"கேளுங்க சார்."

"அன்னிக்கு எனக்குக் கேட்டது அம்மான்னுதான்பா. ஏழெட்டுத் தடவை. தெளிவா கேட்டுது. நீ அப்படிக் கத்தமாட்டேன்னு என்கிட்ட சொல்லியிருக்க. உதடு ஒட்டாதுன்னு. நானே ஊர் பூரா சொல்லிண்டு திரிஞ்சேன். அது அன்னிக்கு எனக்கு ஏன் தோணலை?"

தனசேகர் கையில் இருந்த துணியை ஒரு தடவை மடித்தான். அப்பா, 'அம்மா' என்றுதான் கத்தியிருப்பார். வேறு எதைக் கத்துவார்? அவருக்குக் கொரியாக்காரன் உதட்டைப் பற்றி என்ன கவலை? இந்தக் குடியிருப்பிலேயே அதைக் கேட்டு, இது தனசேகர் இல்லை என்று கண்டுபிடித்திருக்கக்கூடிய ஒரே மனிதர் இவர். கதவை உடைக்கத் தெரிந்தவர். அவரிடமே கொடுத்துவிடலாம். ஆமாம் சார், நீங்கள் எழுந்து வந்திருந்தால் என் அப்பா பிழைத்திருப்பார் என்று சொன்னால் போதும், பாரத்தில் பாதி இறங்கிவிடும். சத்தியமாகச் சொல்வதென்றால் அவனுக்கு அந்த ஆசை வந்தது. நாக்கு நுனி வரை வந்தது. கஸ்தூரிரங்கனின் மாறிப் போட்ட பொத்தானைப் பார்த்துக்கொண்டே நின்றான். இவரை ஓடி வரவேண்டாம் என்று சொன்னவன் யார்? பத்து முதல் பன்னிரண்டு வரை என்று எழுதிக்கொடுத்தவன் யார்?

"இந்தப் படத்துல மட்டும் உதடு ஒட்டுது சார்," என்றான். "அன்னிக்கு முன்னாடி ஒரு வாரமா அம்மா, அம்மான்னுதான் ஒத்திகை பாத்துகினு இருந்தேன். உங்களுக்கு எப்டி வித்தியாசம் தெரியும்?"

கஸ்தூரிரங்கன் அவனையே பார்த்தார். நம்புவதற்கு அவர் எவ்வளவு ஆசைப்படுகிறார் என்பது முகத்திலேயே தெரிந்தது. அப்படியா, அப்படியா என்று இரண்டு தடவை சொன்னார். கண்ணைத் துடைத்துக்கொண்டு, கைப்பிடிச் சுவரைப் பிடித்துப் பிடித்துப் படியிறங்கினார்.

சொன்ன பொய்யைக் காப்பாற்ற வேண்டுமே. மறுநாள் தனசேகர் சேலையூர் போனான். வில்லனின் சாவு ஒன்றுதான் பாக்கி. டெனிஸ் அவனுக்காகப் படம் கொடுக்கும் தேதியை எப்படியோ தள்ளி வைத்திருந்தான். திரையில் ஊதாக் கோட்டுக்காரன் செம்மண்ணில் முட்டி போட்டு விழுந்தான். கேமரா அவனைச் சுற்றிச் சுற்றி வந்தது. பின்னால் சூரியன் ரத்தம் ரத்தமாக இறங்கிக்கொண்டிருந்தது. சுற்றிலும் கண்ணுக்கெட்டின வரை ஒரு ஜீவன் இல்லை. அவன் வானத்தைப் பார்த்து வாயைப் பிளந்து கத்தினான். குண்டு பட்டதும் ஒரு தடவை, கொஞ்சம் தள்ளி, சாகும் முன் இன்னொரு தடவை.

இரண்டுக்கும் தனசேகர் அம்மா என்றே கத்தினான்.

டெனிஸ் கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்து கையைக் காட்டி நிறுத்தினான். "இன்னாடா பண்ற? அவன் வாய் மூடவே இல்ல."

"இப்டியே வச்சுக்கோ டெனிஸ்."

"பாக்கிறவன் சிரிப்பான்டா."

"சிரிக்கட்டும். வேற மாதிரி எனக்கு வராது."

டெனிஸ் இன்னும் இரண்டு டேக் கேட்டான். இரண்டிலும் அதுவே வந்தது. அவனுக்கும் விஷயம் தெரியும். முதல் டேக்கையே எடுத்துக்கொண்டான். தனசேகர் ஹெட்போனைக் கழற்றி மாட்டிவிட்டு வெளியே வந்து, பிளாஸ்கில் இருந்த வெந்நீரைக் கொட்டிவிட்டு, வீட்டுக்குப் போனான். அதற்குப் பிறகு அவன் சாவு எதற்கும் ஒத்துக்கொள்ளவில்லை. கூட்டத்தில் கத்துவதோடு சரி. குடியிருப்புக் குழுவில் அவன் பிறகு ஒரு வார்த்தையும் போடவில்லை.

மூன்று மாதம் கழித்து ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் 'செம்புழுதி' டி.வி.யில் வந்தது. வேண்டாம் என்று தனசேகர் சொன்னான். முதல் தடவையாக நீ முழுப்படத்துக்குப் பேசியிருக்கிறாய், மாமா இருந்தால் பார்த்திருப்பார் என்று சொல்லிச் சரிதாதான் போட்டாள். கங்காதரனுடைய நாற்காலி ஜன்னலோரம் கிடந்தது. இரண்டு பேரும் தரையில் உட்கார்ந்து பார்த்தார்கள். புழுதி சாயும்போது காற்று எந்தப் பக்கம் என்று சொல்ல ஆள் இல்லை.

கடைசிக் காட்சி வந்தது. ஊதாக் கோட்டுக்காரன் மேல் குண்டு பாய்ந்தது. அம்மா என்ற அலறல் வீட்டை நிறைத்தது.

தன் குரல் என்று தனசேகருக்குத் தோன்றவே இல்லை. குளியலறைப் பக்கமிருந்து வந்ததுபோல அவன் உடம்பு தானாகத் திரும்பியது. அடுத்த கணம் வாசல் கதவு இடிபட்டது. கையால் இல்லை, தோளால் இடிக்கிற சத்தம். சரிதா எழுந்து ஓடித் திறந்தாள்.

கஸ்தூரிரங்கன் நின்றிருந்தார். சாப்பாட்டிலிருந்து எழுந்து வந்திருக்கிறார். வலது கையில் சாதம் ஒட்டியிருந்தது, இடது கையில் அந்தப் பழைய இரும்புக் கம்பி. மேல்சட்டை இல்லை. செருப்பில்லை. அவர் சரிதாவைப் பார்க்கவில்லை, தனசேகரையும் பார்க்கவில்லை. நேரே குளியலறைக் கதவை நோக்கி நாலு எட்டு வைத்தார். அப்போதுதான் டி.வி. கண்ணில் பட்டது.

படம் என்று புரிந்ததும் அவர் தோள் தளர்ந்தது. கம்பியைக் கீழே இறக்கினார். தனசேகர் ரிமோட்டைத் தேடினான். அது நாற்காலிக்கு அடியில் போயிருந்தது. குனிந்து துழாவிக்கொண்டிருக்கும்போதே திரையில் கேமரா செம்மண்ணைச் சுற்றிவந்து வில்லனின் முகத்துக்கு நேரே நின்றது. டி.வி. முழுக்க அவன் வாய்தான். அவன் கத்தினான்.

அம்மா என்று தனசேகரின் குரல் கேட்டது. கங்காதரனின் குரல் கேட்டது. பிளந்த வாய் பிளந்தபடியே இருந்தது. உதடு ஒரு தடவைகூட ஒட்டவில்லை.

சரிதா சுவரில் இருந்த சுவிட்சை அணைத்தாள்.  கஸ்தூரிரங்கன் வெறும் கறுப்புத் திரையையே பார்த்துக்கொண்டு நின்றார். தன்னையறியாமல் அவர் வாய் ஒரு தடவை திறந்து மூடியது, அன்றைக்குக் காபி குடிக்கும்போது செய்து பார்த்ததுபோல.

"ஒட்டலையேப்பா," என்றார்.

தனசேகர் தரையிலிருந்து எழுந்திருக்கவில்லை. ஏதாவது சொல்ல வேண்டும் என்று வாயைத் திறந்தான். பதினெட்டு வருஷமாக விழுங்கி விழுங்கி வைத்திருந்தது அப்போது வந்தது. அம்மா என்று கத்தினான். மைக்கு இல்லை, படம் இல்லை, சரிதா பக்கத்தில் உட்கார்ந்து அவன் தலையைப் பிடித்துக்கொண்டாள். அவன் திரும்பத் திரும்பக் கத்தினான். கீழ்வீட்டுக் கதவு திறந்தது, மாடிக் கதவு திறந்தது. இந்தத் தடவை எல்லோரும் ஓடிவந்தார்கள்.